வெளிச்சக் குறைவு காட்டிக்கொடுத்த இரண்டு சூரியன்கள்

மாசி, பங்குனி மாதங்களில் நன்றாக இருட்டிய பிறகு மொட்டைமாடியில் நின்று அண்ணாந்து பாருங்கள். உச்சிக்குச் சற்று வடக்கே, ஏறக்குறைய ஒரே பிரகாசத்தில் இரண்டு விண்மீன்கள் அடுத்தடுத்து நிற்கும். நம் பஞ்சாங்கத்தில் அந்த ஜோடிதான் புனர்பூசம். வானத்தின் அந்தப் பகுதிக்கு மிதுனம் என்று பெயர். மிதுனம் என்றாலே இரட்டை. வானியலாளர்கள் இந்த இரண்டையும் காஸ்டர், பொலக்ஸ் என்பார்கள்.

இதில் காஸ்டர் கொஞ்சம் மங்கலானது. வெறும் கண்ணுக்கு ஒரு புள்ளி. சின்னத் தொலைநோக்கி வழியாகப் பார்த்தால் அது இரண்டாகப் பிரியும். அந்த இரண்டின் ஒளியையும் நிறம் நிறமாகப் பிரித்து ஆராய்ந்தபோது, ஒவ்வொன்றும் தனித்தனி ஜோடி என்று தெரிந்தது. ஆக நான்கு. அப்புறம், இந்த நான்கையும் விட்டுச் சற்றுத் தள்ளி, மங்கலாக இன்னொரு புள்ளி உண்டு. அதுவும் ஜோடிதான். மொத்தம் ஆறு சூரியன்கள், 51 ஒளியாண்டு தூரத்தில், ஒரே குடும்பமாக.

கடைசியில் சொன்ன அந்த மங்கலான ஜோடியில் இரண்டுமே சிவப்புக் குள்ளன் வகை விண்மீன்கள். ஒன்றையொன்று பத்தொன்பதரை மணி நேரத்தில் சுற்றி முடித்துவிடும். நமக்கு ஒரு நாள் முடிவதற்குள் அங்கே இரண்டு சூரியன்கள் ஒரு முழுச் சுற்று சுற்றியிருக்கும். இதைப் படித்த நாளிலிருந்து எனக்கு ஒரு கேள்வி விடவே இல்லை: இப்படிச் சுற்றும் இரண்டு சூரியன்களையும் சேர்த்து ஒரு கோள் சுற்றிவர முடியுமா? முடியும். அப்படி ஒன்றைக் கண்டும் பிடித்திருக்கிறார்கள். ஆனால் எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்ற கதை புரிய வேண்டுமென்றால், முதலில் சிவப்புக் குள்ளன் என்றால் என்ன என்று பார்த்துவிட வேண்டும்.

சிக்கனமாக எரியும் அடுப்பு

விண்மீன் என்பது பெரும்பாலும் ஹைட்ரஜனால் ஆன ஒரு பெரிய வாயுப் பந்து. தன் எடையாலேயே உள்நோக்கி அழுந்துகிறது. அந்த அழுத்தத்தில் மையம் சூடேறி, ஹைட்ரஜன் அணுக்கருக்கள் இணைந்து ஹீலியமாக மாறும். அப்போது வெளிப்படும் ஆற்றல்தான் நாம் பார்க்கும் ஒளி. எடை எவ்வளவோ அதற்கேற்பத்தான் அழுத்தம், வெப்பம், எரியும் வேகம் எல்லாம்.

நம் சூரியனின் எடையை 1 என்று வைத்துக்கொண்டால், சிவப்புக் குள்ளன்களின் எடை 0.08-இலிருந்து சுமார் 0.6 வரை இருக்கும். 0.08-க்கும் கீழே போனால் ஹைட்ரஜன் எரிவு நிலைத்து நடக்காது. விண்மீன் என்ற கணக்கிலேயே வராது.

இங்கே ஒரு விஷயத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம், பின்னால் இதுதான் சாவி. எடை பாதியானால் ஒளியும் பாதியாகும் என்று நினைக்கத் தோன்றும். அப்படி நடப்பதில்லை. சூரியனில் 0.3 பங்கு எடையுள்ள ஒரு சிவப்புக் குள்ளன், சூரியன் தரும் ஒளியில் நூறில் ஒன்று அல்லது ஒன்றரைப் பங்குதான் தரும். எடை கொஞ்சம் இறங்கினாலே ஒளி தடாலென்று விழுந்துவிடும்.

சிவப்பு என்று பெயர் இருப்பதால் இரத்தச் சிவப்பாகக் கற்பனை செய்ய வேண்டாம். சூரியனின் மேற்பரப்பு சுமார் 5,500 டிகிரி செல்சியஸ். நடுத்தரமான ஒரு சிவப்புக் குள்ளன் 3,000 டிகிரியை ஒட்டி இருக்கும். எல்.இ.டி. வருவதற்கு முன் நம் வீடுகளில் தொங்கிய குண்டு பல்பின் இழை எரிவது சுமார் 2,500 டிகிரியில். ஆக, ஒரு சிவப்புக் குள்ளனைப் பக்கத்தில் போய்ப் பார்த்தால், குண்டு பல்பின் வெளிச்சத்தைவிடக் கொஞ்சம் வெள்ளையாகவே இருக்கும். மஞ்சள் கலந்த ஆரஞ்சு என்று வைத்துக்கொள்ளலாம்.

மங்கல் என்பதற்காக இவற்றைக் குறைவாக எடைபோடக் கூடாது. விறகை அள்ளிப் போட்டு எரிக்கும் அடுப்பு சீக்கிரம் அணைந்துவிடும். உமி மூட்டம் இரவு முழுக்கக் கனன்றுகொண்டிருக்கும். சூரியன் தன் மையப் பகுதியில் இருக்கும் ஹைட்ரஜனை மட்டும்தான் இப்போது எரிக்கிறது, மேலே இருப்பது கீழே இறங்கி வருவதில்லை. சிறிய சிவப்புக் குள்ளன்களில் கதை வேறு. சூரியனில் சுமார் 0.35 பங்குக்குக் கீழே எடை இருந்தால், கொதிக்கும் உலைநீர் மேலும் கீழும் புரள்வது போல வாயு முழுவதும் புரண்டுகொண்டே இருக்கும். வெளியில் இருக்கும் ஹைட்ரஜனும் மையத்துக்கு வந்து எரியும். எரிபொருளில் வீணே இல்லை.

இதனால் சூரியனின் ஆயுள் மொத்தம் சுமார் 1,000 கோடி ஆண்டு என்றால், மிகச் சிறிய சிவப்புக் குள்ளன்களின் ஆயுள் லட்சம் கோடி ஆண்டுகளில் கணக்கிடப்படுகிறது. பிரபஞ்சத்துக்கே இப்போது வயது 1,380 கோடி ஆண்டுதான். இதுவரை எந்தச் சிவப்புக் குள்ளனும் வயதாகிச் சாகவில்லை. சாவதற்கு நேரமே வரவில்லை.

எண்ணிக்கையிலும் இவைதான் அதிகம். நம் பால்வீதியில் நான்கு விண்மீன்களை எடுத்தால் ஏறக்குறைய மூன்று சிவப்புக் குள்ளனாக இருக்கும். சூரியனுக்கு மிக அருகில் இருக்கும் 60 விண்மீன்களில் 50 போல இந்த வகைதான். ஆனால் வெறும் கண்ணால் ஒன்றைக்கூடப் பார்க்க முடியாது. சூரியனுக்கு மிகப் பக்கத்தில் உள்ள விண்மீன் பிராக்சிமா சென்டாரி, தூரம் 4.24 ஒளியாண்டு. அது கண்ணுக்கு எட்டும் கடைசி மங்கல் விண்மீனைவிடச் சுமார் 100 மடங்கு மங்கல். பக்கத்து வீட்டுக்காரர் யார் என்று மனிதருக்குத் தெரிய 1915 வரை ஆனது. ஜோகனஸ்பர்க்கில் இருந்த ராபர்ட் இன்னஸ் என்ற வானியலாளர் அப்போதுதான் அதைக் கண்டுபிடித்தார். இரவு வானத்தைப் பார்த்து அதுதான் விண்மீன் உலகம் என்று நினைக்கிறோமே, ஊர்வலத்தில் பந்தம் பிடித்தவர்களை மட்டும் பார்த்துவிட்டு ஊர் ஜனத்தொகையைச் சொல்வது மாதிரி அது.

தட்டாமாலை

அடுத்தது இரட்டை. இரண்டு பிள்ளைகள் எதிரெதிரே நின்று, கைகளைக் குறுக்காகக் கோத்து, பின்னால் சாய்ந்து தட்டாமாலை சுற்றுவதைப் பார்த்திருப்பீர்கள். இருவரும் ஒரே எடை என்றால் சுற்றின் மையம் கைகள் கோத்த இடத்துக்கு நேர் கீழே இருக்கும். ஒருவர் கொஞ்சம் கனம் என்றால் மையம் அவர் பக்கம் நகரும். கனமானவர் சின்ன வட்டம் போடுவார், ஒல்லியானவர் பெரிய வட்டம் போட்டுத் திணறுவார். இரட்டை விண்மீன்களும் இப்படித்தான் சுற்றுகின்றன. கைக்குப் பதில் ஈர்ப்பு விசை. ஒன்றை நடுவில் வைத்து மற்றொன்று சுற்றுவதில்லை. இரண்டும் சேர்ந்து, இடையில் உள்ள பொது மையம் ஒன்றைச் சுற்றுகின்றன.

வானத்தில் பக்கத்துப் பக்கத்தில் தெரிவதெல்லாம் இரட்டை ஆகிவிடாது. முன்பின்னாக வெகு தூரத்தில் இருப்பவை நம் பார்வைக்கு ஒட்டித் தெரியலாம். காஸ்டரும் பொலக்ஸும்கூட அப்படித்தான், ஒன்றுக்கொன்று சம்பந்தம் இல்லை. இவ்வளவு ஜோடிகள் தற்செயலாக அமைய வழியில்லை என்று 1767-இல் கணக்குப் போட்டுச் சொன்னவர் இங்கிலாந்தின் ஜான் மிச்செல். பல ஆண்டுகள் பார்த்து, சில ஜோடிகள் உண்மையாகவே சுற்றுகின்றன என்று 1803-இல் காட்டியவர் வில்லியம் ஹெர்ஷல். அவர் காட்டியவற்றில் காஸ்டரும் ஒன்று.

கோள் எங்கே நிற்கும்?

இரண்டு விண்மீன்கள் சுற்றும் இடத்தில் ஒரு கோள் பிழைத்திருக்க இரண்டே வழிதான். ஒன்று, இரண்டு விண்மீன்களும் வெகு தூரம் தள்ளியிருக்க, கோள் ஏதாவது ஒன்றை மட்டும் ஒட்டிச் சுற்றுவது. மற்றதன் இழுப்பு அதற்குப் பெரிதாகப் படாது. 22 ஒளியாண்டு தூரத்தில் எல்.டி.டி. 1445 என்று ஒரு குடும்பம் இருக்கிறது. அங்கே மூன்று சிவப்புக் குள்ளன்கள். அதில் ஒன்றை மட்டும் ஒட்டி, ஐந்தரை நாளுக்கும் குறைவான நேரத்தில் சுற்றும் பாறைக் கோள் ஒன்றை 2019-இல் அறிவித்தார்கள். மற்ற இரண்டும் தள்ளி நின்று தங்களுக்குள் தட்டாமாலை சுற்றிக்கொண்டிருக்கின்றன.

இன்னொரு வழி, விண்மீன்கள் இரண்டும் நெருங்கிச் சுற்ற, கோள் வெளியே நின்று இரண்டையும் சேர்த்து வளைத்து வருவது. எனக்கு வியப்பு இதில்தான். நடுவில் இரண்டு கனமான பொருள்கள் ஓயாமல் இடம் மாறிக்கொண்டிருக்கின்றன. கோளை அங்கும் இங்கும் இழுத்துக் கடைசியில் தூக்கி எறிந்துவிட வேண்டாமா?

பக்கத்தில் வந்தால் எறிந்துவிடும்தான். ஆனால் இரவில் நெடுஞ்சாலை ஓரம் நின்று, தூரத்தில் வரும் பேருந்தைப் பாருங்கள். முதலில் ஒரே விளக்குதான் தெரியும். கிட்ட வர வரத்தான் அது இரண்டாகப் பிரியும். ஈர்ப்பும் ஏறக்குறைய இப்படி வேலை செய்கிறது. போதுமான தூரத்தில் இருக்கும் கோளுக்கு, நடுவில் இருப்பது இரண்டு விண்மீன்கள் என்ற வித்தியாசமே பெரிதாகப் படாது. இரண்டின் எடையும் சேர்ந்த ஒற்றைப் பொருள் போலத்தான் உணரும். எவ்வளவு தூரம் போதும்? இரண்டு விண்மீன்களுக்கு இடையே உள்ள தூரத்தைப் போல இரண்டிலிருந்து நான்கு மடங்கு தள்ளி நின்றால் பாதை நிலைக்கும் என்று கணிப்புகள் சொல்கின்றன. விண்மீன்களின் சுற்று எவ்வளவு நீள்வட்டமோ அவ்வளவுக்கு இந்த எல்லை வெளியே தள்ளிப் போகும். 2011-இல் கெப்ளர் விண்தொலைநோக்கி கண்ட கெப்ளர்-16 கோள் மூன்று மடங்கை ஒட்டிய தூரத்தில், எல்லைக்குப் பக்கத்திலேயே 229 நாளில் சுற்றிவருகிறது. அங்கே நடுவில் இருப்பவற்றில் ஒன்று சிவப்புக் குள்ளன், மற்றது அதைவிடப் பெரிது.

இரண்டுமே சிவப்புக் குள்ளன்களாக இருந்து, வெளியே கோள் சுற்றும் குடும்பம்? அதற்கு 2007-க்குப் போக வேண்டும்.

ஒரு விண்மீன் ஏன் திடீரென்று பளிச்சிட்டது?

சிலி நாட்டில் லாஸ் கம்பானாஸ் மலையில், போலந்தின் வார்சா பல்கலைக்கழகத்துக்குச் சொந்தமான 1.3 மீட்டர் தொலைநோக்கி ஒன்று இருக்கிறது. ஓகிள் என்ற திட்டத்துக்காக அது இரவுதோறும் பால்வீதியின் மையப் பகுதியில் உள்ள பல கோடி விண்மீன்களின் பிரகாசத்தை அளந்துவருகிறது. எதற்கு? பத்து லட்சத்தில் ஒன்று என்கிற அளவில் அபூர்வமாக நடக்கும் ஒரு தற்செயலுக்காகத்தான் இவ்வளவு காவலும்.

கனமான பொருளைக் கடக்கும் ஒளி வளையும் என்பது ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் சொன்னது; 1919 மே 29 சூரிய கிரகணத்தின்போது அளந்து உறுதி செய்தார்கள். சரி, ஒளி வளைகிறது என்றால் ஒரு விண்மீனே பூதக்கண்ணாடி போல வேலை செய்யலாம் அல்லவா? வெகு தொலைவில் ஒரு விண்மீன். அதற்கும் நமக்கும் நடுவே இன்னொரு விண்மீன் நகர்ந்துபோகிறது. மூன்றும் ஏறக்குறைய ஒரே நேர்க்கோட்டில் வரும்போது, பின்னால் இருப்பதன் ஒளி முன்னால் இருப்பதைச் சுற்றி வளைந்து நம் பக்கம் குவிகிறது. பின்னால் இருக்கும் விண்மீன் சில நாட்கள், சில வாரங்கள் பிரகாசம் கூடி, மறுபடி பழைய நிலைக்குத் திரும்பும். டீக்கடைக் கண்ணாடி கிளாஸின் தடித்த அடிப்பாகத்தைக் கண்ணருகே பிடித்துத் தெருவிளக்கைப் பார்த்தால், விளக்கு வில்லாகவும் வளையமாகவும் நெளியும். வானத்திலும் அப்படி ஒரு வளையம் உண்டாகும். ஆனால் அதன் அளவு, இருபது கிலோமீட்டர் தூரத்தில் பிடித்த ஒரு தலைமுடியின் தடிமனை ஒத்தது. வளையம் தெரியாது, பிரகாசம் கூடுவது மட்டும்தான் தெரியும்.

ஐன்ஸ்டைனே 1936-இல் இதைப் பற்றி ஒரு சிறு கட்டுரை எழுதினார், ருடி மாண்டல் என்பவர் விடாமல் கேட்டதற்காக. எழுதிவிட்டு, இதை நேரில் பார்க்கும் வாய்ப்பு இல்லை என்றும் சொல்லிவிட்டார். தனித்தனி விண்மீனாகப் பார்த்தால் அவர் சொன்னது சரிதான். கோடிக்கணக்கில் ஒரே நேரத்தில் கண்காணித்தால் கிடைக்கும் என்று 1986-இல் வழி காட்டியவர் போலந்தின் போக்தான் பச்சின்ஸ்கி. ஓகிள் அந்த யோசனையில் பிறந்தது.

முன்னால் போகும் விண்மீனுக்கு ஒரு கோள் இருந்தால், அந்தக் கோளும் தன் பங்குக்கு ஒளியை வளைக்கும். பிரகாசம் ஏறி இறங்கும் வரைபடத்தில், சீரான மேட்டின் மேல் ஒரு சின்னப் புடைப்போ பள்ளமோ விழும். அதன் அகலம் சில மணி நேரம், மிஞ்சினால் ஓரிரு நாள். அதற்குள் உலகத்தின் மற்ற மூலைகளில் இருக்கும் தொலைநோக்கிகளும் அங்கே திரும்பியாக வேண்டும். சிலியில் விடிந்துவிட்டால் நியூசிலாந்தில் யாராவது தொடர வேண்டும்.

2007-ஆம் ஆண்டு பிடிபட்டவற்றில் 349-ஆவதாக வந்த நிகழ்வின் பெயர் ஓகிள்-2007-பி.எல்.ஜி.-349. வாயில் நுழையாத பெயர்தான், ஆனால் பிரித்தால் எளிது: எந்தத் திட்டம், எந்த ஆண்டு, வானத்தின் எந்தப் பகுதி, எத்தனையாவது. மேட்டின் மேல் இருந்த விலகலை ஆராய்ந்தபோது, சனிக்கோளை ஒட்டிய எடையில் ஒரு கோள் தெரிந்தது. ஆனால் கணக்கு முழுதாகப் பொருந்தவில்லை. ஒரு விண்மீன், ஒரு கோள் என்று வைத்தால் மிச்சம் வந்தது. மூன்றாவதாக ஏதோ ஒன்று இருக்கிறது.

இரண்டு விடைகள் பொருந்தின. ஒரு விண்மீனும் இரண்டு கோள்களும், அல்லது இரண்டு விண்மீன்களும் ஒரு கோளும். இரண்டும் அதே வரைபடத்தைத் தரும். தரையில் இருந்த எந்தத் தொலைநோக்கியாலும் இதைப் பிரித்துச் சொல்ல முடியவில்லை. 8,000 ஒளியாண்டு தூரத்தில், விண்மீன்கள் நெருக்கியடித்துக் கிடக்கும் பகுதியில் இருந்தது இந்தக் குடும்பம்.

முன்னால் சொன்ன சாவி இங்கேதான் பூட்டுக்குள் போகிறது. மூட்டையோடு நெல்லை எடைபோட்டுச் சாக்கின் எடையைக் கழித்தால் நெல்லின் எடை வந்துவிடும். அது போல ஹபிள் விண்தொலைநோக்கி எடுத்த தெளிவான படங்களில், பக்கத்துக் கூட்டத்தின் ஒளியைப் பிரித்து ஒதுக்கிவிட்டு அந்த ஒரு புள்ளியின் ஒளியை மட்டும் அளந்தார்கள். அதில் பின்னால் இருக்கும் விண்மீனின் பங்கு எவ்வளவு என்பது பிரகாச வரைபடத்திலிருந்தே தெரியும். அதைக் கழித்தால் மீதி, முன்னால் போகும் குடும்பத்தின் சொந்த ஒளி.

அந்தக் குடும்பத்தின் மொத்த எடை சூரியனில் 0.7 பங்கை ஒட்டியது. அது ஒரே விண்மீனில் இருந்தால் ஓரளவு நல்ல வெளிச்சம் இருக்க வேண்டும். அதே எடை 0.41, 0.30 என்று இரண்டு சிவப்புக் குள்ளன்களுக்குப் பிரிந்துபோயிருந்தால்? எடை குறைந்தால் ஒளி தடாலென்று விழும் அல்லவா? பாடப்புத்தகச் சூத்திரத்தை வைத்து நான் தோராயமாகப் போட்டுப் பார்த்தேன்: இரண்டு குள்ளன்களின் ஒளியையும் கூட்டினாலும், அதே எடையுள்ள ஒற்றை விண்மீன் தருவதில் ஐந்து, ஆறில் ஒரு பங்குதான் வருகிறது. ஹபிளின் அளவில் கிடைத்த மீதி ஒளி, ஒற்றை விண்மீனுக்குப் போதவே போதாது. இரண்டு சிவப்புக் குள்ளன்களுக்குச் சரியாகப் பொருந்தியது.

நாசாவின் கோடார்ட் மையத்தைச் சேர்ந்த டேவிட் பெனட் தலைமையிலான குழு 2016-இல் இதை வெளியிட்டது. இந்த வழியில் உறுதியான முதல் இரு-சூரியக் கோள் இதுதான். கிரகங்களைக் கண்டுபிடித்த கதைகள் நிறையப் படித்திருக்கிறேன். ஒளி இருந்ததால் கண்டுபிடித்தவை பல. இருக்க வேண்டிய ஒளி இல்லாததை அளந்து, 'இங்கே இருப்பது ஒருவர் இல்லை, இருவர்' என்று சொன்ன கதை என்பதால் இது எனக்கு எல்லாவற்றையும்விடப் பிடிக்கும்.

அங்கே நின்று பார்த்தால்

அளவுகளைச் சொல்லிவிடுகிறேன். இரண்டு சூரியன்களுக்கும் இடையே சுமார் 1.1 கோடி கிலோமீட்டர். நம் சூரியனிலிருந்து புதன் இருப்பது 5.8 கோடி கிலோமீட்டரில். அதில் ஐந்தில் ஒரு பங்குக்குள் இரண்டு சூரியன்கள். கெப்ளரின் விதிப்படி ஒரு சுற்றுக்கு ஒன்பது நாள் போல ஆகும். கனமானது பொது மையத்திலிருந்து ஏறக்குறைய 46 லட்சம் கிலோமீட்டரிலும், மற்றது 64 லட்சத்திலும் சுற்றும். கோள் இவற்றிலிருந்து சுமார் 48 கோடி கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. நம் பக்கத்தில் வைத்தால் செவ்வாய்க்கும் வியாழனுக்கும் இடையே வரும். விண்மீன்களின் இடைவெளியைப் போல நாற்பது மடங்குக்கு மேல் என்பதால், பாதை குலைவதற்கு வழியே இல்லை. பேருந்து வெகு தூரத்தில் இருக்கிறது. ஒரு முறை சுற்ற சுமார் ஏழு ஆண்டு.

சனியைப் போன்ற எடை என்பதால் நிற்கத் தரை இருக்காது. அதற்கு நிலா ஒன்று இருந்து, அதில் நாம் நிற்பதாக வைத்துக்கொண்டு வானத்தைப் பார்ப்போம்.

இரண்டு சூரியன்களும் ஒன்றையொன்று விட்டு அதிகம் விலகியிருக்கும் நாளில்கூட, இடைவெளி நம் முழு நிலவை இரண்டரை முறை அடுக்கினால் வரும் அளவுதான். கையை நீட்டிச் சுண்டுவிரலைப் பிடித்தால் நடுவில் அடைத்துவிடலாம். ஒவ்வொன்றின் குறுக்களவும் நிலவின் எட்டில் ஒரு பங்கு போல இருக்கும், வட்டம் என்று சொல்வதா புள்ளி என்று சொல்வதா என்ற அளவு. இன்று இடமும் வலமுமாக இருப்பவை, நாலைந்து நாளில் இடம் மாறியிருக்கும். சுற்றும் தளம் நம் பார்வைக் கோட்டோடு பொருந்தினால், நடுவே ஒன்று மற்றதன் முன்னால் போய் மறைக்கும். காஸ்டரின் குள்ளன் ஜோடி பூமியிலிருந்து பார்க்கும்போது அப்படித்தான் ஒன்றையொன்று மறைக்கிறது. அதனால்தான் அதன் சுற்று நமக்கு அவ்வளவு துல்லியமாகத் தெரியும்.

நிழல் விஷயமும் சுவையானது. இரண்டு விளக்கு எரியும் வராந்தாவில் நடந்தால் ஒருவருக்கு இரண்டு நிழல் விழும். அங்கேயும் நெட்டையான ஒரு பாறைக்கு, ஒன்றை ஒன்று தழுவிய இரண்டு நிழல்கள், ஒன்று சற்றே அடர்த்தியாகவும் மற்றது வெளிறியும். ஒன்பது நாளில் அவை விலகி, நெருங்கி, ஒன்றாகி, மறுபடி விலகும்.

வெளிச்சம் என்னவோ குறைவுதான். நம் சூரியன் பூமிக்குத் தருவதில் இருநூறில் ஒரு பங்கு போல என் கணக்கில் வருகிறது. நம் சனிக்குக் கிடைப்பதைவிடக் குறைவு, யுரேனஸுக்குக் கிடைப்பதைவிட அதிகம். உறைபனிக் குளிர். உயிர் இருக்குமா என்று எல்லாரும் கேட்பார்கள். இந்தக் கோளில் அதற்கு நம்பிக்கை வைக்க எதுவும் இல்லை. குள்ளன்களை ஒட்டி, கதகதப்பான தூரத்தில் ஒரு கோள் இருந்தால் அங்கே வேறு தொல்லை. சிவப்புக் குள்ளன்களில் பல அடிக்கடி சீறும். 8.7 ஒளியாண்டில் இருக்கும் இன்னொரு குள்ளன் ஜோடியில் யு.வி. செட்டி என்பது 1952-இல் இருபதே நொடியில் 75 மடங்கு பிரகாசமானது. அப்படி ஒரு சூரியனுக்குப் பக்கத்தில் குடியிருப்பது எளிதில்லை.

இந்தக் குடும்பத்தைப் பற்றி எனக்கு இருக்கும் ஒரே வருத்தம், 2007-இல் நடந்தது மறுபடி நடக்காது என்பதுதான். நேர்க்கோடு ஒரு முறை அமைந்தது, கலைந்துவிட்டது. பின்னால் இருந்த விண்மீனும் முன்னால் போன குடும்பமும் வானத்தில் கொஞ்சம் கொஞ்சமாக விலகிக்கொண்டிருக்கின்றன. நமக்கு வந்து சேரும் ஒளியின் கணக்குப்படி, அந்தக் கோள் அதற்குப் பிறகு தன் சூரியன்களை இரண்டு முறைக்கு மேல் சுற்றிவிட்டது. சூரியன்கள் ஒன்றையொன்று அறுநூறு, எழுநூறு முறை சுற்றியிருக்கும்.